லோடு வண்டிக்கு வழி

போன வாரம் கவிதா போன் செய்தாள். கெலாங் பாத்தா பக்கத்தில் நான் வேலை பார்த்த டிரைவிங் ஸ்கூலில் இப்போது அவள் பயிற்றுநர். திடலில் நடக்கும் தேர்வில் பக்கத்தில் அதிகாரி யாரும் உட்காருவதில்லையாம். கேமராவும் கணினியும் பார்த்துக்கொள்கின்றனவாம். டயர் கோட்டைத் தொட்டால் அதுவே மதிப்பெண்ணைக் கழித்துவிடுமாம். புதிதாகச் சேர்ந்தவர்களுக்குப் பழைய ஆள் என்ற முறையில் வந்து நாலு வார்த்தை பேச வேண்டும் என்றாள். மேடையேறிப் பேசுகிற வேலையெல்லாம் எனக்கு ஆகாது, வேண்டுமானால் எழுதித் தருகிறேன் என்று சொல்லிவிட்டேன். நாலு வார்த்தை நாலு பக்கமாகிவிட்டால் அதற்கு அவள்தான் பொறுப்பு.

என் வேலையை ஒரே வரியில் சொல்வதென்றால், இடது பக்க இருக்கையில் உட்கார்ந்திருப்பது. ஸ்டேரிங் மாணவர் கையில். என் காலடியில் தனியாக ஒரு பிரேக். தமிழ்ப் பிள்ளைகள் டீச்சர் என்பார்கள், மலாய்ப் பிள்ளைகள் சிக்கு என்பார்கள், சீனத்து ஆன்ட்டிகள் பயத்தில் கடவுளைக் கூப்பிடுவார்கள். எனக்கு வாய் கொஞ்சம் நீளம். கண்ணாடியைப் பார்க்காமல் தடம் மாறுகிறவனிடம், "உன் பின்னால வர்றவன் உனக்கு மாமனா, மச்சானா? பார்த்துட்டுப் போ" என்று சொல்லாமல் என்னால் இருக்க முடியாது. அழுதவர்களும் உண்டு. ஆனால் என்னிடம் படித்தவர்கள் பின்னால் பார்க்காமல் தடம் மாற மாட்டார்கள்.

நான் கார் ஓட்டக் கற்றது ஆசையால் அல்ல. என் வீட்டுக்காரர் பாலம் தாண்டி சிங்கப்பூர் கப்பல் பட்டறையில் வேலை பார்த்தார். அங்கேயே தங்குமிடம். சனிக்கிழமை சாயங்காலம் வருவார், ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் போய்விடுவார். மற்ற நாளில் கடைக்கும் கிளினிக்குக்கும் மகளின் பள்ளிக்கும் நானேதான் அலைய வேண்டும். லைசென்ஸ் எடுத்தேன். எடுத்த இடத்திலேயே, "இவ்வளவு கச்சிதமா ஓட்டுறீங்க, இங்கேயே சொல்லிக்கொடுக்க வாங்களேன்" என்று கேட்டார்கள். போனேன். பயிற்றுநருக்கான வகுப்பு, பரீட்சை, சான்றிதழ், பக்கத்து வீட்டுக்காரிகளின் கேலி எல்லாம் ஒரு வருஷத்துக்குள் முடிந்தது.

ரிட்டயர் ஆனதும் ஒரே வீட்டில் இருக்கலாம் என்று அவர் சொல்லிக்கொண்டே இருந்தார். ரிட்டயர் ஆகும் முன்பே மாரடைப்பு வந்து போய்விட்டார். எங்கள் கல்யாண வாழ்க்கை முழுவதையும் சேர்த்தாலும் சனிக்கிழமைகள்தான். இதை இங்கே எதற்குச் சொல்கிறேன் என்றால், நான் எழுதப்போகிற ஆளின் விஷயத்தில் எனக்கு ஏன் அத்தனை பிடிவாதம் வந்தது என்று உங்களுக்குத் தெரிய வேண்டும்.

அதற்கு முன் கனகசபை சாரைப் பற்றிச் சொல்ல வேண்டும். அவர் எங்கள் தலைமைப் பயிற்றுநர். சிலோன் தமிழர் குடும்பம். அரசாங்க வேலையில் சாலைகளுக்கு வரைபடம் போட்டு ஓய்வு பெற்றவர், வீட்டில் சும்மா இருக்கப் பிடிக்காமல் இங்கே வந்து சேர்ந்தார். வெள்ளைச் சட்டை, அதன் பையில் எப்போதும் ஒரு சுண்ணக்கட்டி. அவர் குரலை உயர்த்தி நான் கேட்டதில்லை. பிழை செய்தால் திட்ட மாட்டார், "இன்னொருக்கா" என்பார். அப்புறமும் பிழை வந்தால் மறுபடி, "இன்னொருக்கா." இதற்குத் திட்டே தேவலை என்று எத்தனையோ தடவை நினைத்திருக்கிறேன்.

அவரிடம் ஒரு முறை இருந்தது. வண்டியில் ஏறும் முன் மாணவர்கள் காலால் ஓட்ட வேண்டும். திடலின் சிமெண்டுத் தரையில் சாலை வட்டத்தை, அதாவது நாம் புலாத்தான் என்கிறோமே அதை, சுண்ணக்கட்டியால் பெரிதாக வரைவார். நாலு வழி, இரண்டு தடம், அம்புக்குறி, நுழைகிற இடத்தில் விட்டுவிட்டுப் போட்ட கோடு, எல்லாம் அளவோடு இருக்கும். மாணவர் கையில் ஒரு பிளாஸ்டிக் தட்டைக் கொடுப்பார். அதுதான் ஸ்டேரிங். இடது பக்கமோ நேராகவோ போகிறவர் இடது தடத்தில் வந்து நிற்க வேண்டும். வலது பக்கம் போகிறவரும், வந்த வழியே திரும்புகிறவரும் வலது தடம். உள்ளே சுற்றிக்கொண்டிருப்பவருக்குத்தான் முதல் வழி. அவர் நம் வலது பக்கத்திலிருந்து வருவார். நம் வழிக்கு முந்தின வழியைத் தாண்டியதும் இடது சிக்னல், அப்புறம் வெளியே. சிக்னலை வாயால் சொல்ல வேண்டும். பேங்க் மேனேஜராக இருந்தாலும் தட்டைப் பிடித்துக்கொண்டு, "டிக், டிக், டிக்" என்று சொல்லியபடி வட்டத்தைச் சுற்ற வேண்டும். எதிர்ச் சாப்பாட்டுக் கடையில் உட்கார்ந்திருப்பவர்களுக்கு அதைவிட நல்ல பொழுதுபோக்கு கிடையாது.

எனக்கும் முதலில் இது பைத்தியக்கார வேலையாகத்தான் பட்டது. ஒரு நாள் நேராகவே கேட்டேன். சார் கையைத் தட்டித் தூசியை உதறிக்கொண்டே சொன்னார்: "பிள்ளை, கோடு போட்டவன் உங்களைப் பாத்ததே இல்லை. ஆனா நீங்கள் ஒருநாள் இந்த வழியால வருவீங்கள் எண்டு நினைச்சுத்தான் போட்டிருக்கிறான். அவன் என்ன சொல்லுறான் எண்டு முதல்ல கேக்க வேணும். கார் பிறகு."

அதன்பிறகு எந்தச் சந்தியில் நின்றாலும் தரையைப் பார்க்கும் பழக்கம் எனக்கு வந்துவிட்டது. இரட்டைக் கோடு, உடைந்த கோடு, மஞ்சள் கட்டம். யாரோ முகம் தெரியாத ஒருவர் நம்மைப் பற்றி யோசித்து எழுதி வைத்தது என்று நினைத்தால் மரியாதை தானாக வருகிறது.

இனி முனியாண்டி அண்ணன். உள்ளே தள்ளியிருந்த ஒரு செம்பனைத் தோட்டத்தில் டிராக்டர் ஓட்டுகிறவர். என்னைவிடக் கொஞ்சம் மூத்தவர். தோட்டத்துக்குள் ஓட்ட அவருக்கு லைசென்ஸ் தேவைப்படவில்லை. மோட்டார் சைக்கிள் லைசென்ஸ் மட்டும் இருந்தது. ஐம்பது தாண்டிய வயதில் கார் லைசென்ஸ் எதற்கு என்று பெயர் பதியும்போதே கேட்டேன். வெட்கப்பட்டார். பிறகு தலையைக் குனிந்துகொண்டு சொன்னார்.

அவர் மனைவி அஞ்சலைக்குப் பாலத்துக்கு அந்தப் பக்கம், சிங்கப்பூர் துவாஸில் ஒரு தொழிற்சாலையில் வேலை. பொழுது விடியும் முன் கம்பெனி பஸ் கெலாங் பாத்தா டவுனில் வந்து ஏற்றிக்கொள்ளும். தோட்டத்திலிருந்து டவுனுக்கு அந்த நேரத்தில் வண்டி ஏது? முனியாண்டி அண்ணன்தான் மோட்டார் சைக்கிளில் கொண்டுவந்து விடுவார். ஒரு மழை நாளில் செம்மண் ரோட்டில் வழுக்கி விழுந்ததில் அஞ்சலைக்கு மணிக்கட்டு உடைந்துவிட்டது. அதற்குப் பிறகு அந்த அம்மா டவுனிலேயே நாலு பெண்களோடு ஓர் அறையில் தங்கிவிட்டாள். சின்னவன் படிப்பு முடியும் வரை வேலையை விட முடியாது. ஞாயிற்றுக்கிழமை மட்டும் வீட்டுக்கு வருவாள்.

"ஒரு பழைய சாகா கார் வாங்கி வச்சிருக்கேன், டீச்சர்" என்றார். "லைசென்ஸ் கெடைச்சா காலையில கொண்டாந்து விட்டுட்டு, சாயங்காலம் கூட்டிட்டுப் போயிடுவேன். அவ வீட்ல வந்து படுப்பா. அவ்வளவுதான்."

அவ்வளவுதான் என்று அவர் சொன்னவிதம் என் நெஞ்சில் போய் உட்கார்ந்துகொண்டது. இந்த மனிதருக்கு லைசென்ஸ் வாங்கிக் கொடுக்காமல் விடுவதில்லை என்று அன்றைக்கே முடிவு செய்தேன்.

வண்டி அவருக்குச் சொன்னபடி கேட்டது. கிளட்ச், கியர், மேட்டில் நிறுத்தி எடுப்பது எல்லாம் கைவந்த கலை. வளைத்து நிறுத்துவதில் என்னையே தோற்கடிப்பார். ஆனால் சாலைக்குப் போனதும் கண்ணைக் கட்டிக் காட்டில் விட்ட மாதிரி ஆகிவிடுவார். இரண்டு தடம் இருந்தால் நடுக்கோட்டை வயிற்றுக்குக் கீழே வைத்துக்கொண்டு ஓட்டுவார். ஆளுக்கு ஒரு தடம் என்று கோடு போட்டிருக்கும்போது இரண்டையும் எடுத்துக்கொண்டால் மற்றவர்கள் எங்கே போவார்கள், வானத்திலா, என்று கேட்டேன். சிரித்தார். மறுநிமிஷம் திரும்பவும் நடுவுக்கு வந்துவிட்டார். முதல் தடவை சாலைத் தேர்வில் அதனாலேயே தோற்றார்.

கனகசபை சார் அவரை மறுபடி தட்டோடு நடக்கவைத்தார். இரண்டு பக்கமும் வடிகால், ஓரமெல்லாம் சேறு, நடுவில் மட்டும் இறுகிய மண். அப்படிப்பட்ட ரோட்டில் வாழ்நாளெல்லாம் ஓட்டியவர் நடுவைத்தான் நம்புவார் என்று சார் எனக்கு விளக்கினார். "ஓரத்தை நம்பச் சொல்லிக் குடுங்கோ" என்றார். அதைச் செய்தோம். அடுத்த தேர்வுக்கு முன் முனியாண்டி அண்ணன் இடது தடத்தை விட்டு இம்மியும் விலகாமல் ஓட்டினார். தேர்வன்று நான் நிம்மதியாகப் பசியாறப் போனேன்.

திரும்பி வந்தால் மனிதர் பெஞ்சில் உட்கார்ந்திருக்கிறார். மறுபடியும் தோல்வி. பெரிய சாலையில் நேராகப் போய்க்கொண்டிருந்தவர், பக்கச் சந்தியில் ஒரு லோரி வந்து நின்றதும், தன் வண்டியை நிறுத்தி, கையைக் காட்டி அதைப் போகச் சொல்லியிருக்கிறார். பின்னால் வந்த கார்கள் கிரீச்சென்று நின்றிருக்கின்றன. பெரிய சாலையில் போகிறவனுக்கு வழி, சந்தியிலிருந்து வருகிறவன் காத்திருக்க வேண்டும் என்பது பால பாடம். அதிகாரி மேல் எந்தக் குற்றமும் இல்லை. நானாக இருந்தாலும் தோற்கடித்திருப்பேன்.

பயத்தில் நிறுத்தியிருப்பார் என்று நினைத்தேன். பயம் இல்லை என்று அவர் அடித்துச் சொன்னார். சரி, பார்ப்போம் என்று அடுத்த வகுப்பில், செம்பனை எண்ணெய் ஆலைக்குப் போகிற சாலைக்கே அவரைக் கூட்டிக்கொண்டு போனேன். அங்கே சந்திக்குச் சந்தி லோரி. முதல் லோரி வந்து நின்றது, அண்ணன் பிரேக்கை மிதித்தார். இரண்டாவது வந்தது, அண்ணன் கண்டுகொள்ளாமல் போனார். மூன்றாவதுக்கு நின்றார். எனக்குக் கோபம் மூக்கு மேல் வந்தது. வாயைத் திறக்கப் போனவள் அப்படியே நிறுத்திக்கொண்டேன். இரண்டாவது லோரி காலி. மற்ற இரண்டிலும் பழக்குலைகள் மலை மாதிரி ஏற்றியிருந்தன.

வண்டியை ஓரமாக நிறுத்தச் சொல்லி விசாரித்தேன். இதைக்கூடவா கேட்பார்கள் என்பது போலப் பார்த்தார். தோட்டத்தில் ஒரு வழக்கம் உண்டு. காலி வண்டி ஒதுங்க வேண்டும், லோடு வண்டி போக வேண்டும். யார் முதலில் வந்தார், யார் எந்தப் பக்கம் என்ற பேச்சே கிடையாது. லோடோடு வருகிறவன் ஓரத்தில் இறங்கினால் மண் இடிந்து வண்டி சாய்ந்துவிடும். ஒரு தடவை யாரோ புதிதாக வந்தவன் காலி வண்டியோடு ஒதுங்காமல் நின்றதால், இவருடைய கூட்டாளி லோடு டிராக்டரை ஓரத்தில் இறக்கியிருக்கிறார். டிராக்டர் சாய்ந்து அவர் கால் போய்விட்டது.

"நான் கண்ணால பாத்தேன், டீச்சர்" என்றார் முனியாண்டி அண்ணன். "லோடு வண்டியைப் பாத்தா என் கால் தானா மிதிச்சிடும். நான் ஒண்ணும் மிதிக்கல. கால்தான் மிதிக்குது."

தொட்டில் பழக்கம் சுடுகாடு மட்டும் என்பார்கள். இது கெட்ட பழக்கமும் அல்லவே! ஒரு மனிதனின் நல்ல குணத்தை எப்படி விடச் சொல்வது? அன்றைக்குத் தேத்தண்ணி வாங்கிக் கொடுத்து அனுப்பிவிட்டேன்.

கனகசபை சாரிடம் சொன்னபோது அவர் சிரிக்கவில்லை. சுண்ணக்கட்டியைப் பையிலிருந்து எடுத்தார். பிறகு முனியாண்டி அண்ணனைக் கூப்பிட்டு, தோட்டத்து ரோட்டைத் தரையில் வரைந்து காட்டச் சொன்னார். அவர் வரைந்தார். எங்கே மண் இறுகியது, எங்கே பாலம், எங்கே ஒதுங்க இடம், எல்லாம் சொன்னார். சார் உட்கார்ந்து கேட்டார். பக்கத்திலேயே பெரிய சாலையைச் சார் வரைந்தார். இங்கே ஓரம் இடியாது, லோரி சந்தியில் நின்றால் ஒன்றும் சாயாது, நீங்கள் நடுச் சாலையில் நின்றால்தான் பின்னால் வருகிறவர் உயிர் போகும் என்று பொறுமையாகச் சொன்னார். "தோட்டத்தில லோடு பேசும், ரோட்டில கோடு பேசும்" என்றார். அண்ணன் தலையாட்டினார். புத்திக்குப் புரிந்துவிட்டது. மறுநாள் ஆலைச் சாலையில் கால் பழையபடி மிதித்தது.

"இன்னொருக்கா" என்றார் சார். இன்னொருக்கா போனோம். மறுபடி இன்னொருக்கா. ஒரு பலனும் இல்லை. லைசென்ஸ் வேண்டாம் டீச்சர், இந்த ஜென்மத்துக்கு ஞாயிற்றுக்கிழமையே போதும் என்று அவர் சொன்ன அன்றைக்கு எனக்கு அழுகை வந்துவிட்டது. ஞாயிற்றுக்கிழமை போதாது என்பது எனக்குத் தெரியும். அதைத் தெரிந்தவள் அந்தத் திடலில் நான் ஒருத்திதான்.

புதன்கிழமைதோறும் அவர் வகுப்புக்கு வரும்போது ஒரு துணிப்பை கொண்டுவருவார். அதை ஆபீஸ் மூலையில் வைத்துவிட்டு, வகுப்பு முடிந்ததும் எடுத்துக்கொண்டு போவார். உள்ளே என்ன என்று நான் கேட்டதில்லை. அன்றைக்குக் கேட்டேன். அஞ்சலையின் யூனிபார்ம். வாராவாரம் அழுக்கைத் தோட்டத்துக்கு எடுத்துப்போய், தானே துவைத்து, தேய்த்து, ஊறுகாய் பாட்டிலோடு கொண்டுவந்து கொடுக்கிறார். அறையில் துணி காயப் போட இடமில்லையாம்.

எனக்கு அப்போதுதான் பொறி தட்டியது. பையை வாங்கிக் காரின் பின் இருக்கையில் வைத்தேன். "அண்ணே, இந்தக் கார் இப்ப காலியா, லோடா?" என்று கேட்டேன். பையைத் திரும்பிப் பார்த்தார். என்னைப் பார்த்தார். 

வகுப்புக்கு முன் ஒவ்வொரு காரையும் சார் ஒரு சுற்றுச் சுற்றிப் பார்ப்பார். டயர், விளக்கு, கண்ணாடி, பின் இருக்கை. தேவையில்லாத சாமான் இருந்தால் இறக்கச் சொல்லிவிடுவார். அன்றைக்குப் பையைப் பார்த்ததும் நின்றார். இது என்ன என்று கேட்டார். "லோடு, சார்" என்றேன். என்ன ஏது என்று கேட்பார், சட்டம் பேசுவார் என்று எதிர்பார்த்தேன். அவர் முனியாண்டி அண்ணன் முகத்தைப் பார்த்தார். பின் கதவைத் திறந்தார்.

"அப்ப பெல்ட் போட வேணும்" என்று சொல்லி, அந்தப் பைக்கு மேல் பெல்ட்டை இழுத்து மாட்டினார்.

ஆலைச் சாலைக்குப் போனோம். சந்தியில் லோரி வந்து நின்றது. நிறைய பழம். அண்ணன் கால் துடித்ததை நான் பார்த்தேன். மிதிக்கவில்லை. வேகத்தைக் கொஞ்சம் குறைத்து, லோரிக்காரன் தன்னைப் பார்த்துவிட்டானா என்று உறுதி செய்துகொண்டு, இடது தடத்திலேயே நேராகக் கடந்துபோனார். எப்படிச் செய்ய வேண்டுமோ அப்படி. எனக்குக் கத்த வேண்டும் போல இருந்தது. "இன்னொருக்கா" என்று மட்டும் சொன்னேன். அன்று முழுவதும் அஞ்சலையின் யூனிபார்மைச் சுமந்துகொண்டு அந்தச் சாலையில் போவதும் வருவதுமாக இருந்தோம்.

தேர்வு நாளில் பையைக் காரில் வைக்க முடியாது. அவர் அதை என்னிடம் கொடுத்துவிட்டுப் போனார். பெஞ்சில் உட்கார்ந்து மடியில் வைத்துக்கொண்டேன். சோப்பு வாசனை வந்தது. எங்கள் வீட்டுக்காரர் ஞாயிற்றுக்கிழமை கிளம்பும்போது நான் இப்படித்தான் ஒரு பை கட்டிக் கொடுப்பேன். என்னிடம் படித்த பிள்ளைகளின் தேர்வுக்கெல்லாம் நான் சாமி கும்பிட்டது கிடையாது. அன்றைக்கு எனக்குத் தெரிந்த எல்லாச் சாமியையும் கூப்பிட்டேன்.

கார் வந்து நின்றது. அதிகாரி இறங்கி ஏதோ எழுதிக்கொண்டே போனார். முனியாண்டி அண்ணன் என்னை நோக்கி நடந்துவந்தார். முகத்தைப் பார்த்தே தெரிந்துவிட்டது. லோரி வந்ததா என்று கேட்டேன்.

"வந்துச்சு, டீச்சர்" என்றார். "நல்ல லோடு. ஆனா நானும் லோடுதானே? அது நிக்கட்டும்னு வந்துட்டேன்."

கனகசபை சார் அவர் கையைப் பிடித்துக் குலுக்கினார். அதற்கு முன்னும் பின்னும் எந்த மாணவருக்கும் அவர் கைகொடுத்து நான் பார்த்ததில்லை.

அதற்குப் பிறகு நான் வேலைக்குப் போகும் வழியில் அந்தச் சாகாவை அடிக்கடி பார்ப்பேன். சில நாள் வெள்ளெனவே கிளம்ப வேண்டியிருக்கும். பஸ் நிற்கும் இடத்துக்குக் கொஞ்சம் தள்ளி, கோட்டுக்குள் ஒழுங்காக நிறுத்தியிருப்பார். அஞ்சலை இறங்கி பஸ் ஏறி, பஸ் கிளம்பிப் போகும் வரை வண்டியை எடுக்க மாட்டார். மழை நாளில் துடைப்பான் ஓடிக்கொண்டிருக்கும், உள்ளே இரண்டு தலைகள் தெரியும். அதைப் பார்த்தால் அன்று முழுவதும் எனக்கு மனசு நன்றாக இருக்கும். கூடவே கொஞ்சம் பொறாமையும் இருக்கும். இல்லை என்று ஏன் பொய் சொல்ல வேண்டும்?

அந்த நாட்கள் நீடிக்கவில்லை. பெருந்தொற்று வந்தது. பாலத்தை மூடப் போகிறார்கள் என்று ஒரு நாள் திடீரென்று செய்தி. அந்தப் பக்கம் வேலை வேண்டுமென்றால் அங்கேயே போய்த் தங்க வேண்டும், இல்லையென்றால் வேலை போய்விடும். சில வாரம்தானே என்று எல்லாரும் நினைத்தார்கள். முனியாண்டி அண்ணன் பையைக் கட்டிக் கொடுத்து அஞ்சலையை பஸ் ஏற்றிவிட்டார்.

சில வாரம் மாதமாயிற்று, மாதம் வருஷமாயிற்று. ஞாயிற்றுக்கிழமையும் போயிற்று. அவ்வளவு பாடுபட்டு ஒரு மனிதர் எந்தக் கோட்டில் நிற்க வேண்டும், யாருக்கு வழிவிட வேண்டும் என்று எல்லாம் படித்தார். சாலையையே மூடிவிட்டால் அந்தப் படிப்பை வைத்து என்ன செய்வது? எனக்கு யார் மேல் கோபப்படுவது என்றே தெரியவில்லை. எங்கள் ஸ்கூலும் மூடிக் கிடந்தது. திறந்தபோது சார் சிரம்பானில் மகன் வீட்டுக்குப் போய்விட்டிருந்தார். நானும் இனி போதும் என்று சொல்லிவிட்டேன். மாலை மரியாதை ஒன்றும் இல்லாமல் என் வேலை முடிந்துபோனது. அவ்வப்போது முனியாண்டி அண்ணனுக்குப் போன் செய்வேன். வாரம் ஒரு தடவை காரை வாசலிலேயே ஸ்டார்ட் செய்து அணைத்து வைப்பதாகச் சொல்வார். எங்கேயும் போவதற்கில்லை என்பார்.

பாலம் திறந்த வாரம் அவரே கூப்பிட்டார். அஞ்சலை வருகிறாள் என்றார். கூட்டிவரப் போக வேண்டும், ரோட்டில் ஓட்டி ரொம்ப நாளாயிற்று, பக்கத்தில் வந்து உட்காருவீர்களா என்று கேட்டார். நான் அப்போது கெலாங் பாத்தாவில் தனியாகத்தான் இருந்தேன். செருப்பை மாட்டிக்கொண்டு வாசலில் போய் நின்றுவிட்டேன்.

கடைசியாக ஒரு தடவை இடது பக்க இருக்கையில் உட்கார்ந்தேன். சாகாவில் என் பக்கம் பிரேக் கிடையாது. தேவையும் படவில்லை. கண்ணாடி, சிக்னல், தோளுக்கு மேல் ஒரு பார்வை, எல்லாம் முறையாகச் செய்தார். நான் வாயே திறக்கவில்லை. என்னைத் தெரிந்தவர்களுக்கு இது எவ்வளவு பெரிய விஷயம் என்று தெரியும்.

பஸ்ஸிலிருந்து இறங்கிய அஞ்சலையை எனக்கு முதலில் அடையாளம் தெரியவில்லை. பாதி முடி நரைத்திருந்தது, ஆள் இளைத்திருந்தாள். முனியாண்டி அண்ணன் இறங்கிப்போய்ப் பையை வாங்கிக்கொண்டார். அவளைப் பார்த்தார், அவ்வளவுதான். நான் என் இடத்தை விட்டு எழுந்து பின்னால் போய் உட்கார்ந்தேன். "நீங்க இருங்கக்கா" என்றாள் அஞ்சலை. இது உன் இடம்மா என்று அவளை முன்னால் உட்காரவைத்தேன்.

வண்டி கிளம்பியது. புலாத்தானைச் சுற்றி வெளியே வந்து இடது தடத்தில் மெதுவாகப் போனோம்.  இரண்டு வருஷப் பேச்சு எங்கேயிருந்து தொடங்கும் என்று நான் பின்னால் மூச்சைப் பிடித்துக்கொண்டு காத்திருந்தேன். வெகுதூரம் போன பிறகு அஞ்சலை கேட்டாள்.

"மாட்டுக்குத் தண்ணி வச்சீங்களா?"

"வச்சேன்" என்றார் அவர்.

பிறகு அவள் கண்ணாடிப் பக்கம் தலையைச் சாய்த்துத் தூங்கிவிட்டாள். அவர் வேகத்தை இன்னும் குறைத்தார். எல்லா வண்டியும் எங்களைத் தாண்டிப் போனது. சாதாரணமாக இருந்தால், "இது தேர் ஊர்வலமா?" என்று கேட்டிருப்பேன். அன்றைக்கு ஜன்னல் பக்கம் திரும்பி முகத்தைத் துடைத்துக்கொண்டேன்.

என் வீட்டு வாசலில் இறக்கிவிட்டுப் போனார்கள். உள்ளே போனதும் எங்கள் வீட்டுக்காரர் ஞாபகம்தான். சனிக்கிழமை வந்து சட்டையைக் கழற்றும் முன்பே, "கேஸ் இருக்கா?" என்று கேட்பார். சிலிண்டர் தீர்ந்துவிட்டால் தூக்கி மாட்ட ஆள் வேண்டுமே என்ற கவலை அவருக்கு. ஒரு வாரம் கழித்துப் பெண்டாட்டியைப் பார்க்கிற மனிதன் கேட்கிற கேள்வியா இது என்று எனக்கு எரிச்சலாக வரும். அன்றைக்கு அடுப்படிக்குப் போய் சிலிண்டரைக் கொஞ்சம் தூக்கிப் பார்த்தேன். கனமாகத்தான் இருந்தது. கேஸ் இருந்தது. கேட்கத்தான் ஆள் இல்லை.